பத்தாங் காம்பரா வரைக்கும் ஒரு பாட்டு

போன மாதம் கொழும்பிலிருந்து ஷர்மிளா என்றொரு பெண் தொலைபேசியில் பேசினாள். நான் பாடிய அதே தொலைக்காட்சியில் இப்போது அவள் வேலை பார்க்கிறாளாம். பழைய பாடகர்களைப் பற்றிச் சின்னச் சின்னப் படங்கள் எடுக்கிறார்களாம்.

"அக்கா, நீங்க டீவியில முழுசா பாடுன பாட்டு ஒண்ணு இருந்தா அனுப்புறீங்களா?"

"அப்படி ஒண்ணும் இல்லையே தங்கச்சி."

"வீடியோ இல்லையா?"

"வீடியோ இருக்கு. முழுசா பாடுனதுதான் இல்ல."

அவள் சிரித்தாள். நான் பகிடி விடுகிறேன் என்று நினைத்திருப்பாள். உண்மையைத்தான் சொன்னேன். தலைமுடி கறுப்பாக இருந்த காலம் முழுக்க ஞாயிறு தவறாமல் அந்தத் தொலைக்காட்சியில் பாடியவள் நான். ஒரு பாட்டையும் முடித்தது கிடையாது. முடிக்காமல் இருப்பதற்குத்தான் என்னை வேலைக்கே எடுத்தார்கள்.

நான் பாட்டுப் படித்த கதை பெரிய கதை இல்லை. கோயில் பஜனை, மாசி மாதக் காமன் கூத்து, தோட்டப் பாடசாலைக் கலைவிழா, அவ்வளவுதான். கல்யாணம் முடித்து வட்டகொடைப் பக்கம் ஒரு தோட்டத்துக்கு வந்த பிறகு, தேயிலைத் தொழிற்சாலையில், எங்கள் பேச்சில் ஸ்டோரில், வேலை செய்த என் வீட்டுக்காரர்தான் யாரிடமும் சொல்லாமல் தொலைக்காட்சிக்கு எழுதிப் போட்டார். குரல் தேர்வுக்கு வரச் சொன்னார்கள். போனேன்.

தேர்வு வைத்தவர் தயாரிப்பாளர் கனகசபை சார். யாழ்ப்பாணத்துக்காரர். செருப்பைக் கழற்றி வாசலில் வைத்துவிட்டுத்தான் கலையகத்துக்குள் வருவார். ஒரு துண்டு பனங்கட்டியைக் கடித்துக்கொண்டு சாயத் தேத்தண்ணி குடிப்பார். நான் பாடி முடிக்கும் வரைக்கும் கண்ணை மூடியே இருந்தார்.

"பிள்ளை, சுருதி பரவாயில்லை. லயம் எப்பிடி?" என்றார்.

"பத்துக் காம்பரா லயங்க சார். எங்கது கடைசி. தகரம் மட்டும் கொஞ்சம் ஒழுகுது."

அறை முழுக்கச் சிரிப்பு. எனக்கு எதற்கென்று விளங்கவில்லை. கீபோர்ட் வாசித்த நிஸாம் நானா அட்டன்காரர். அவர்தான் சிரித்து முடித்துவிட்டு இரண்டு பக்கத்துக்கும் விளக்கம் சொன்னார். தோட்டத்தில் ஒன்றோடொன்று ஒட்டிக் கட்டிய வரிசை வீடுகள் லயம், அதில் ஒவ்வொரு வீடும் ஒரு காம்பரா. பாட்டில் தாளத்தோடு போகிற ஓட்டமும் லயம். எனக்கு அன்றைக்குத் தெரிந்தது முதலில் சொன்ன லயம் மட்டும்தான். மானம் போய்விட்டது.

சார் மட்டும் சிரிக்கவில்லை. "ஒழுகிற இடத்தில என்ன செய்வீர்?" என்று கேட்டார்.

"சட்டி வைப்போம் சார்."

"என்ர நிகழ்ச்சியும் அங்கங்க ஒழுகிறது. எனக்கும் ஒரு சட்டி வேணும். வாற ஞாயிறு வாரும்."

இப்படித்தான் நான் சட்டியானேன்.

அது நேரடி நிகழ்ச்சி. ஆட்டம், நகைச்சுவை, பாட்டு, தொலைபேசியில் நேயர் பேச்சு என்று எல்லாம் கலந்து வரும். நேரடி என்றால் எதுவும் நடக்கும். ஆட வேண்டிய பிள்ளைக்குச் சலங்கை அறுந்துபோகும். நகைச்சுவைக்காரர் கழிப்பறையில் இருப்பார். நேயரின் தொலைபேசி அந்தரத்தில் நின்றுவிடும். அந்த நேரத்தில் திரையை வெறுமையாக விடக் கூடாது. திரைக்குப் பின்னால் ஒரு பிளாஸ்டிக் ஸ்டூலில், சேலை மடிப்புக்கு ஊசி குத்தி, பூ வைத்து, கையில் மைக்கோடு நான் உட்கார்ந்திருப்பேன். சார் என் பக்கம் திரும்பி நாடியைத் தூக்கினால் எழுந்து போய்ப் பாட வேண்டும். எவ்வளவு நேரம் என்று யாருக்கும் தெரியாது.

மேடையில் சார் வாய் திறக்க மாட்டார். எல்லாம் கைதான். இரண்டு கையையும் ரப்பர் இழுப்பதுபோல் விரித்தால் இழுத்துப் பாடு. விரலைச் சுழற்றினால் இன்னும் ஒரு சுற்று. கையை மூடினால் நிறுத்து. கை மூடியதும் படக் கட்டுப்பாட்டு அறையில் இருப்பவர்கள் விளம்பரத்தையோ அடுத்த காட்சியையோ போட்டுவிடுவார்கள். அதனால் மூடிய கையைச் சார் திறந்தது கிடையாது.

நிறுத்துவதுதான் கஷ்டமான வேலை. திடீரென்று நிறுத்தினால் குழாயை மூடியதுபோல் இருக்கும். எந்த இடத்தில் நின்றாலும் பாட்டு அங்கேயே முடிவதுபோல் தெரிய வேண்டும். அதற்குத் தோதான பாட்டாகப் பொறுக்கி வைத்திருந்தேன். ஒரு வரியின் அர்த்தம் அடுத்த வரியில் தொங்கக் கூடாது. ஒருமுறை 'என் கணவன்' என்று பாடிய இடத்தில் கை மூடிவிட்டது. கணவன் என்ன ஆனான் என்று மறுநாள் தோட்டமே கேட்டது. நின்றதும் சிரிக்கவும் வேண்டும். மூச்சு வாங்குவது மைக்கில் கேட்கக் கூடாது. நிஸாம் நானா என் முதுகைப் பார்த்தே எப்போது நிற்பேன் என்று கண்டுபிடித்துவிடுவார்.

உடுப்பிலும் ஒரு பாடம் படித்தேன். பின்னால் பச்சைத் துணி கட்டி, அதில் மலை, கடல் என்று படம் விழவைக்கும் கூத்து புதிதாக வந்த நேரம். அது தெரியாமல் நான் கிளிப்பச்சைச் சேலையில் போய் நின்றுவிட்டேன். திரையில் என் தலையும் இரண்டு கையும் மட்டும்தான் இருந்தன. உடம்பு முழுக்க நீர்வீழ்ச்சி கொட்டியது. தோட்டத்துக்கு வந்தால் பெண்களெல்லாம் அந்தச் சேலை எந்தக் கடையில் எடுத்தது என்று கேட்டார்கள்.

கிண்டல் அதோடு நின்றிருந்தால் பரவாயில்லை. லயத்தில் எல்லோரும் ஒரே வீட்டில் கூடித்தான் என் நிகழ்ச்சியைப் பார்ப்பார்கள். ஒவ்வொரு வாரமும் நான் வருவேன், நாலு வரி பாடுவேன், நடுவில் மறைந்துபோவேன். அவர்கள் என்ன நினைப்பார்கள்? பாட்டு சரியில்லாததால் விரட்டிவிடுகிறார்கள் என்றுதான் நினைத்தார்கள். எனக்கு 'அரைப்பாட்டு' என்று பட்டப்பெயரே வைத்துவிட்டார்கள். தண்ணீர் பிடிக்கும் பீலிக்குப் போனால், "அரப்பாட்டு வருது, அரக்கொடந்தான் ரொப்பும்" என்பார்கள். நானும் சிரித்துவிட்டு முழுக் குடம் ரொப்பிக்கொண்டு வருவேன்.

என் அத்தைக்குத்தான் அது பொறுக்கவில்லை. அத்தை என்றால் என் வீட்டுக்காரரின் அம்மா. மலையில் கொழுந்து பறிக்கிறவர்களில் அவர் வேகத்துக்கு யாரும் நிற்க முடியாது. வாய்க்கும் அப்படித்தான். நான் சனிக்கிழமை ரயிலேறி ஞாயிறு பாடிவிட்டுத் திரும்பும்வரை என் மகனைப் பார்த்துக்கொண்டதும் அவர்தான். பெரட்டுக்களத்தில், வேலைக்குப் பேர் கூப்பிடும் இடத்தில், என்னை யாராவது அரைப்பாட்டு என்று சொல்லிவிட்டால் போதும். "எம் மருமக தொண்டையில கோளாறு இல்ல. ஒங்க டீவியிலதான் கோளாறு" என்று கூடையை இறக்கி வைத்துவிட்டுச் சண்டைக்கு நிற்பார்.

ஊருக்கு அப்படிச் சொன்னாரே தவிர, அவருக்கே உள்ளுக்குள் ஒரு சந்தேகம் இருந்தது. ஒருநாள் ரொட்டிக்கு மா பிசைந்துகொண்டிருந்தேன். பக்கத்தில் வந்து உட்கார்ந்தார்.

"நெசத்தச் சொல்லு தாயி. நான் யாருகிட்டயும் சொல்ல மாட்டேன். ஒனக்கு ஒரு பாட்ட முடிக்கத் தெரியாதா?"

நான் சட்டி வைக்கிற வேலையை விளக்கினேன். நிகழ்ச்சி ஒழுகுவதையும் சொன்னேன். பொறுமையாகக் கேட்டார்.

"சரி. ஆனா ஒரு தடவையாவது முடிச்சுக் காட்டு. நான் இந்த சனத்துக்கு மொகம் குடுத்து நடக்கணும்ல" என்றார்.

ஊர் சொன்னதெல்லாம் எனக்கு வலிக்கவில்லை. இது வலித்தது. எனக்காக அத்தனை பேரோடு மல்லுக்கு நின்றவர், என்னை நம்பாமலேதான் நின்றிருக்கிறார். அன்றிலிருந்து எனக்கு ஒரே ஆசைதான். அத்தை பார்க்க ஒரு பாட்டை முடிக்க வேண்டும். சாரிடம் கேட்டும் பார்த்தேன். "சட்டி நிறைஞ்சால் வீடு வெள்ளமாப் போயிடும் பிள்ளை" என்று சொல்லிவிட்டுப் பனங்கட்டியைக் கடித்தார்.

பிறகு ஒரு சித்திரைக் கொண்டாட்டம். நுவரெலியாவில் வசந்த காலம். ஊரே வாகனமும் பூவுமாக இருந்தது. எங்கள் நிகழ்ச்சியைத் திறந்த மைதானத்தில் மேடை போட்டு நேரடியாகக் காட்டினார்கள். பக்கத்து ஊர்தானே என்று எங்கள் லயத்திலிருந்து ஒரு லொறி நிறையச் சனம் வந்துவிட்டது. விடியவே வந்து முன்வரிசையைப் பிடித்துக்கொண்டார்கள். நடுவில் அத்தை. தீபாவளிச் சேலை, அதற்கு மேலே என் வீட்டுக்காரரின் கம்பளிச் சட்டை, தலையில் மப்ளர். வர முடியாதவர்கள் வீட்டில் டீவிக்கு முன்னால் இருந்தார்கள்.

நிகழ்ச்சியின் கடைசியில் பெரிய பாடகர் ஒருவர் வர வேண்டும். அவர் வந்த வாகனம் றம்பொடை வளைவுகளில் நெரிசலில் மாட்டிக்கொண்டது. ஆட்டம் முடிந்துவிட்டது, நகைச்சுவையும் முடிந்துவிட்டது. சார் என் பக்கம் திரும்பி நாடியைத் தூக்கினார்.

நான் போய்ச் சித்திரைப் பாட்டொன்றைத் தொடங்கினேன். சார் கையை விரித்தார். இழுத்தேன். பாட்டின் கடைசி வரி வந்தது. கை விரிந்தபடியே இருந்தது. மற்ற நாளெல்லாம் பாட்டை முடிக்க விட மாட்டார்கள், அன்றைக்குப் பாட்டு தீர்ந்துபோயும் நிறுத்த விடவில்லை. வந்து நிற்க வேண்டிய இடத்தில் நிற்காமல் அடுத்த பாட்டுக்குள் நுழைந்தேன். அதுவும் தீர்ந்தது. இன்னொன்று. கை இன்னும் விரிந்துதான் இருந்தது. பனிமூட்டம் இறங்கி மைக் பிடித்த விரல் விறைத்தது. என் கையிருப்பில் இருந்த பாட்டெல்லாம் காலி. பயத்தில் தாளம் ஓட ஆரம்பித்துவிட்டது. நிஸாம் நானா என்னைத் துரத்திக்கொண்டு வந்தார்.

அப்போதுதான் சார் முதல் தடவையாக மேடைக்குக் கீழே வாய் திறந்தார். சத்தம் இல்லை, உதடு மட்டும். "லயம், லயம்" என்று தொடையில் தட்டிக் காட்டினார்.

அவர் சொன்னது தாளத்தை. இத்தனை வருஷம் பாடியவளுக்கு அது தெரியாதா? தெரியும். ஆனால் அந்த நேரம் என் கண்ணுக்கு முன்னால் இருந்தது எங்கள் லயம். முதல் வீட்டு மாரியக்கா, கடைசி வீட்டு அத்தை என்று மொத்தமாக முன்வரிசையில் உட்கார்ந்திருந்தது. அந்தச் சொல்லுக்கு எனக்கு முதலில் தெரிந்த அர்த்தம்தான் முதலில் வந்தது. கும்மி மெட்டில் வாயில் வந்ததைப் பாடினேன்:

*ஒண்ணாங் காம்பரா மாரியக்கா – அவ*
*ஊத்துற தேத்தண்ணி வாசமக்கா*

மாரியக்கா நெஞ்சில் கையை வைத்துக்கொண்டு எழுந்துவிட்டார். சனம் விசிலடித்தது. நிஸாம் நானாவுக்குப் பிடி கிடைத்துவிட்டது, கும்மித் தாளத்தைப் போட்டார்.

*ரெண்டாங் காம்பரா ராமண்ணே – அவர்*
*ரேடியோ பாடினாத் தூங்கிடுவார்*

சார் என்னை ஒரு மாதிரிப் பார்த்தார். ஆனால் விரலைச் சுழற்றினார். இன்னும் ஒரு சுற்று. மூன்றாங் காம்பராவில் சீட்டாடுகிறவரைப் பாடினேன். நாலாங் காம்பராவில் பிறந்த இரட்டைப் பிள்ளைகளைப் பாடினேன். ஒவ்வொரு காம்பராவுக்கும் அந்தந்த வீட்டுக்காரர்கள் எழுந்து கும்பிட, முன்வரிசைப் பெண்கள் கைதட்டிக் கும்மி அடிக்க, மைதானமே தாளம் போட்டது.

ஆறாங் காம்பரா தாண்டும்போதுதான் எனக்கு உறைத்தது. பத்தாங் காம்பரா எங்களுடையது. அதுவரை வந்தவர்களுக்கெல்லாம் பேர் சொல்லிப் பாடியாகிவிட்டது. எங்கள் வீட்டில் மாமியார் பேரை மருமகள் சொல்லக் கூடாது. வைத்தியசாலையில் துண்டுச் சீட்டு எழுதும்போதுகூட, "வீட்டுக்காரரோட அம்மாங்க" என்று சொல்லிச் சமாளித்தவள் நான். இத்தனை பேருக்கு முன்னால், அதுவும் டீவியில், எப்படிச் சொல்வது? யோசித்துக்கொண்டே ஒன்பதாவதைப் பாடினேன். அந்த வீட்டுக்காரர்கள் கொழும்புக்குப் பிழைக்கப் போய் நாளாகியிருந்தது.

*ஒம்பதாங் காம்பரா பூட்டிருக்கு – அங்க*
*ரோசாச் செடி மட்டும் பூத்திருக்கு*

கும்மி அடித்த கைகள் தாளத்தை மெதுவாக்கின. அந்த நேரம் பார்த்து மேடைக்குப் பின்னால் வாகனச் சத்தம் கேட்டது. பெரிய பாடகர் வந்துவிட்டார். சார் கையை மூடினார்.

நான் நின்றேன், சிரித்தேன். எல்லாம் பழக்கம். பேர் சொல்லாமல் தப்பித்த நிம்மதி ஒரு பக்கம், இன்றைக்கும் அரைப்பாட்டுத்தானே என்ற ஏமாற்றம் ஒரு பக்கம். மைக்கை இறக்கினேன்.

"ஏன்டி, எங்க காம்பரா என்னாச்சு?"

அத்தைதான். மப்ளரை அவிழ்த்து இடுப்பில் கட்டிக்கொண்டு எழுந்து நின்றார். மலையில் அடுத்த நிரையில் நிற்கிறவர்களைக் கூப்பிட்டுப் பழகிய குரல் அது, மைக் தேவையில்லை. "ஒம்போது காம்பராவோட லயம் முடிஞ்சிருமா? நாங்க என்னா தேயிலைக்குள்ளயா படுக்கிறோம்?"

மைதானம் சிரித்து ஓயவில்லை. நான் சாரைப் பார்த்தேன். சார் அத்தையைப் பார்த்தார். பின்னால் திரும்பி, சால்வையைச் சரிசெய்துகொண்டு காத்து நின்ற பெரிய பாடகரைப் பார்த்தார். பிறகு மூடிய கையைத் திறந்தார். விரலைச் சுழற்றினார்.

யோசிக்க நேரமில்லை. மெட்டு கேட்ட சொல்லை வாய் சொல்லிவிட்டது.

*பத்தாங் காம்பரா மூக்காயி – என்னப்*
*பாட அனுப்புன என் தாயி*

அத்தை வாயைப் பொத்திக்கொண்டார். மாரியக்கா குலவை போட்டார், மற்றப் பெண்களும் சேர்ந்துகொண்டார்கள். பாட்டு முடிந்தது. முடித்துப் பழக்கமில்லாததால், முடிந்த பிறகு என்ன செய்வதென்று எனக்குத் தெரியவில்லை. கடைசி எழுத்தைப் பிடித்துக்கொண்டே நின்றேன். நிஸாம் நானா, "போதும் தங்கச்சி, எறங்குங்க" என்று சொல்லித்தான் இறங்கினேன்.

மேடைக்குப் பின்னால் சார் தேத்தண்ணி ஊற்றிக்கொண்டிருந்தார். "நான் தாளம் ஓடுது எண்டு சொன்னனான். நீர் எல்லாரையும் லயத்துக்கே கூட்டிக்கொண்டு போட்டீர்" என்றார். கொஞ்சம் கழித்து, "பரவாயில்லை" என்றார். அவர் வாயிலிருந்து அதைவிடப் பெரிய பாராட்டை யாரும் வாங்கியதில்லை. என் கையிலும் ஒரு துண்டு பனங்கட்டி வைத்தார்.

திரும்பும்போது லொறியில் அத்தை என் பக்கத்தில் உட்கார்ந்தார். நானுஓயா தாண்டும்வரை மப்ளரை அவிழ்ப்பதும் கட்டுவதுமாக வந்தார். பேர் சொன்னதற்கு இன்றைக்கு இருக்கிறது என்று நான் ஒடுங்கிப்போய் இருந்தேன்.

"எம் பேரச் சொல்லிட்டியேடி" என்றார்.

"தெரியாம வந்துருச்சுங்க அத்த."

"இன்னொருக்கா சொல்லு. அந்தச் சத்தத்துல எனக்குச் சரியாக் கேக்கல."

லொறி எங்கள் தோட்டத்துக்குத் திரும்பும்வரை பாடிக்கொண்டே வந்தேன்.

வந்து இறங்கினால் வீட்டிலிருந்து டீவி பார்த்த கூட்டம் வாசலிலேயே நின்றது. "என்னா, இன்னிக்கும் அரப்பாட்டுத்தானா?" என்றார்கள். சார் கையை மூடியதைப் பார்த்து, அன்றைக்கு மட்டும் சில நொடி பிந்தி, கட்டுப்பாட்டு அறையில் விளம்பரத்தைப் போட்டுவிட்டார்கள். அவர்கள் பார்த்த கடைசிக் காட்சி அத்தை எழுந்து நின்று சத்தம் போட்டது. அதற்குப் பிறகு சவர்க்கார விளம்பரம். சார் கையைத் திறந்தது டீவிக்குத் தெரியாது.

அன்றைக்குத் தொடங்கிய வழக்கு இன்னும் தீரவில்லை. மைதானத்துக்கு வந்தவர்கள் ஒரு கட்சி, டீவி பார்த்தவர்கள் இன்னொரு கட்சி. ஆனால் எனக்கு அதில் கவலை எதுவும் இல்லை. அத்தை என் கட்சியில், இந்தத் தடவை நம்பியே நின்றார். வீடு வீடாகப் போய், "நான் காதால கேட்டேன்" என்று சாட்சி சொன்னார்.

இப்போது அந்த நிகழ்ச்சியை முன்கூட்டியே பதிவு செய்து, ஒழுகுகிற இடத்தையெல்லாம் கணினியில் வெட்டி ஒட்டிவிடுகிறார்கள். சட்டிக்கு வேலை இல்லை. சார் கனடாவில் மகளோடு இருக்கிறார். நான் லயத்துக் கோயிலில் வெள்ளிக்கிழமைப் பாட்டோடு நிற்கிறேன்.

ஷர்மிளா விடவில்லை. கமராவைத் தூக்கிக்கொண்டு போன வாரம் வீட்டுக்கே வந்துவிட்டாள். அந்தச் சித்திரை வீடியோவை எங்கிருந்தோ தேடிப் பிடித்திருந்தாள். கைபேசியில் போட்டுக் காட்டினாள். ஒன்றாங் காம்பரா, இரண்டாங் காம்பரா, எல்லாம் வந்தது. ஒன்பதாவது முடிந்து, அத்தை எழுந்து, "எங்க காம்பரா என்னாச்சு?" என்றதும் சவர்க்காரம்.

"இதுக்கப்புறம் இருக்கா அக்கா?"

"பாடுனேன். ஆனா அதுக்கு ஆதாரம் இல்ல."

கட்டிலில் கம்பளிக்குள் அத்தை படுத்திருந்தார். இப்போது நடமாட்டம் குறைவு, காதும் மந்தம். கைபேசியில் தன் குரலைக் கேட்டாரோ என்னவோ, எழுந்து உட்கார்ந்தார்.

"ஆதாரம் இல்லையா? நான் இங்க என்னாத்துக்கு இருக்கேன்? பாப்பா, அந்தப் பொட்டியத் தட்டு."

ஷர்மிளா கமராவைத் தட்டினாள். அத்தை தலைமுடியைக் கோதி முடிந்துகொண்டார். சுருதி எங்கேயோ இருந்தது, லயம் மட்டும் கும்மித் தாளத்தில் கல்லாக நின்றது.

*பத்தாங் காம்பரா மூக்காயி – என்னப்*
*பாட அனுப்புன என் தாயி*

பாடிவிட்டுக் கமராவை நேராகப் பார்த்தார்.

"மூக்காயின்னா நான்தான். எம் மருமக சொன்னா. இப்ப சொல்லு, பாட்டு முடிஞ்சிச்சா இல்லையா?"

"முடிஞ்சிருச்சுங்க பாட்டி" என்றாள் ஷர்மிளா.

"அப்ப நிப்பாட்டு" என்று சொல்லிவிட்டு, அத்தை கம்பளியை இழுத்துப் போர்த்திக்கொண்டு படுத்தார்.